அழித்த பிறகும் மிஞ்சும் கரி: வில்லியம் கென்ட்ரிட்ஜை எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

ஒரு பெரிய அறை. ஒரு பக்கச் சுவரில் கனமான வெள்ளைக் காகிதம் ஒன்றைக் குத்தி வைத்திருக்கிறார்கள். எதிர்ப்பக்கம் முக்காலியில் ஃபிலிம் கேமரா. வெள்ளைச் சட்டை போட்ட ஒருவர் கரித்துண்டால் காகிதத்தில் ஒரு மனிதனை வரைகிறார். கேமராவிடம் நடந்து போய் இரண்டு ஃபிரேம் எடுக்கிறார். திரும்பிக் காகிதத்துக்கு வருகிறார். அந்த மனிதனின் கையை மட்டும் அழித்து, கொஞ்சம் உயர்த்தி வரைகிறார். மறுபடி கேமரா, மறுபடி இரண்டு ஃபிரேம். நாள் முழுக்க இதே நடைதான். மாலையில் மிஞ்சுவது சில விநாடிப் படம்.

அவர் வில்லியம் கென்ட்ரிட்ஜ். 1955இல் தென்னாப்பிரிக்காவின் ஜோகன்னஸ்பர்கில் பிறந்தவர். இன்றும் அந்த ஊரில்தான் வேலை செய்கிறார். புதிதாக அவரைத் தேடிப் படிப்பவருக்கு முதலில் குழப்பம்தான் வரும். ஓரிடத்தில் ஓவியர் என்றிருக்கும், இன்னோரிடத்தில் அனிமேஷன் பட இயக்குநர் என்றிருக்கும். பொம்மலாட்டக் குழுவோடு நாடகம் போட்டிருக்கிறார், நியூயார்க்கில் ஓபரா என்னும் இசை நாடகம் இயக்கியிருக்கிறார், மேடையில் தானே ஏறி நடித்துக்கொண்டே சொற்பொழிவும் ஆற்றுகிறார். 'பல துறைக் கலைஞர்' என்று சொல்லி முடித்துக்கொள்ளலாம். ஆனால் அது எதையும் விளக்கவில்லை. ஒருவருக்குப் பல வேலை தெரியும் என்பதாகத்தான் அது காதில் விழுகிறது.

எனக்குப் புரிந்தவரை கென்ட்ரிட்ஜிடம் இருப்பது ஒரே வேலை. காகிதத்துக்கும் கேமராவுக்கும் நடுவில் நடக்கும் அந்த நடையிலேயே மூன்று கலையும் இருக்கின்றன. வரைவது ஓவியம், எடுப்பது சினிமா, நடப்பது நிகழ்த்துகலை. இதைப் பிடித்துக்கொண்டால் அவருடைய மற்ற எல்லாப் படைப்புக்கும் வழி கிடைத்துவிடும்.

முதலில் அந்தப் படங்கள் எப்படி உருவாகின்றன என்று பார்க்கலாம். கையால் வரையும் அனிமேஷன் படம் என்றால் வழக்கமாக ஒவ்வொரு அசைவுக்கும் ஒரு தனி ஓவியம் வேண்டும். சில நிமிடப் படத்துக்கே ஆயிரக்கணக்கில் தாள்கள் சேரும். கென்ட்ரிட்ஜ் அப்படிச் செய்வதில்லை. ஒரு காட்சிக்கு ஒரே தாள். அதிலேயே வரைந்து, அழித்து, மேலே வரைந்துகொண்டே போகிறார். ஒரு முழுப் படம் முடியும்போது இருபது முப்பது ஓவியங்கள்தான் கையில் இருக்கும். ஒவ்வொன்றும் அந்தக் காட்சியின் கடைசி நிலை, அதற்கு முன்னால் அதே தாளில் நடந்த எல்லாவற்றின் தடமும் படிந்த நிலை.

கரித்துண்டை அவர் ஏன் விடாமல் பிடித்திருக்கிறார் என்பது இங்கேதான் விளங்கும். கரி வேகமாக ஓடும், நினைத்ததை நினைத்த நேரத்தில் மாற்றலாம். துணியால் ஒரு தட்டு தட்டினாலே பாதி போய்விடும். ஆனால் முழுதாகப் போகாது. என்னதான் தேய்த்தாலும் ஒரு சாம்பல் நிழல் காகிதத்தில் தங்கிவிடும். சிலேட்டில் எழுதி, உள்ளங்கையால் துடைத்து, அதன்மேலேயே அடுத்த கணக்கைப் போட்டவர்களுக்கு இந்தச் சாம்பல் நிழல் நன்றாகவே தெரியும். பழைய விடை புதிய விடைக்குப் பின்னால் மங்கலாக நின்றுகொண்டே இருக்கும்.

ஆரம்பத்தில் கென்ட்ரிட்ஜுக்கே இது ஒரு குறையாகத்தான் பட்டது. அந்தக் கறையைப் போக்கப் பார்த்தார், போகவில்லை. அப்புறம்தான் படத்தின் உயிரே அந்தக் கறையில் இருக்கிறது என்று கண்டுகொண்டார். அவருடைய படத்தில் ஒருவன் தெருவில் நடந்தால் அவன் கடந்து வந்த இடமெல்லாம் புகைபோலப் பின்னால் தொடர்கிறது. பறவை பறந்தால் வானத்தில் அதன் பாதை நிற்கிறது. காலம் போய்விட்டது என்று கண்ணுக்குத் தெரிகிறது, முழுதாகப் போகவில்லை என்பதும் கூடவே தெரிகிறது.

இதை வெறும் உத்தி என்று விட்டுவிட முடியாது. அதற்குக் காரணம் அவர் வளர்ந்த வீடும் ஊரும்.

அப்பா சிட்னி கென்ட்ரிட்ஜ், அம்மா ஃபெலீசியா கென்ட்ரிட்ஜ். இருவரும் வழக்கறிஞர்கள், நிறவெறி ஆட்சியின் நீதிமன்றங்களில் அதற்கு எதிராக வாதாடியவர்கள். நெல்சன் மண்டேலாவும் மற்றவர்களும் குற்றம் சாட்டப்பட்ட தேசத்துரோக வழக்கில் சிட்னி வாதாடினார். போலீஸ் காவலில் கொல்லப்பட்ட கறுப்பின உரிமைப் போராளி ஸ்டீவ் பிகோவின் மரண விசாரணையில் 1977இல் பிகோ குடும்பத்துக்காக ஆஜரானதும் அவர்தான்.

கென்ட்ரிட்ஜ் பல முறை சொல்லும் ஒரு சம்பவம் உண்டு. அப்போது அவருக்கு ஆறு வயது. அப்பாவின் மேசையில் தட்டையான மஞ்சள் பெட்டி ஒன்று இருந்தது. சாக்லேட் பெட்டி என்று நினைத்துத் திறந்தார். அது கோடாக் பெட்டி. உள்ளே இருந்தவை ஷார்ப்வில் படுகொலையின் புகைப்படங்கள். 1960 மார்ச் 21 அன்று, நடமாட்டத்தைக் கட்டுப்படுத்தும் பாஸ் சட்டங்களை எதிர்த்துத் திரண்டு நின்ற கறுப்பின மக்கள்மீது போலீஸ் சுட்டதில் 69 பேர் இறந்தார்கள். பலருக்கு முதுகில் குண்டு. இறந்தவர்களின் குடும்பங்கள் சார்பில் விசாரணையில் நின்ற வழக்கறிஞரின் மேசையில் அந்தப் படங்கள் இருந்தன. பெரியவர்களின் உலகம் இப்படியும் இருக்கும் என்று அந்தப் பையனுக்கு ஒரு பெட்டி மூடியைத் திறந்த மாத்திரத்தில் தெரிந்துபோனது. அவருடைய ஓவியங்களில் தரையில் கிடக்கும் உடல்களைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இந்த மஞ்சள் பெட்டி நினைவுக்கு வந்துவிடும்.

ஜோகன்னஸ்பர்கின் விட்வாட்டர்ஸ்ராண்ட் பல்கலைக்கழகத்தில் அரசியலும் ஆப்பிரிக்க ஆய்வும் படித்தார். பிறகு ஓவியம் கற்றார். நாடகக் குழு ஒன்றில் நடித்தார், எழுதினார். கடைசியில் நடிகராவது என்று முடிவெடுத்து, 1980களின் தொடக்கத்தில் பாரிஸுக்குப் போய் ஜாக் லெகாக்கின் நாடகப் பள்ளியில் சேர்ந்தார். அங்கே போன சில வாரங்களிலேயே தனக்கு நடிப்பு வராது என்று தெரிந்துவிட்டதாக அவரே சொல்லியிருக்கிறார். ஊர் திரும்பி, தொலைக்காட்சி, சினிமா படப்பிடிப்புகளில் கலை இயக்க வேலை பார்த்தார். அதிலும் நிலைக்கவில்லை. தன் தோல்விகள்தாம் தன்னைக் காப்பாற்றின என்பது அவர் பார்வை.

ஆனால் பாரிஸ் வீண்போகவில்லை. லெகாக்கின் பள்ளி முகபாவனையைக் கற்றுக்கொடுக்கிற இடமல்ல. உடல் எப்படி நிற்கிறது, பாரத்தை எங்கே தாங்குகிறது, ஓர் அசைவு எந்த மூட்டிலிருந்து புறப்படுகிறது என்பதுதான் அங்கே பாடம். ஓவியத்தைப் பற்றி ஓவியப் பள்ளியைவிட நாடகப் பள்ளியில்தான் அதிகம் கற்றதாக கென்ட்ரிட்ஜ் சொல்வார். அவர் வரைந்த மனிதர்களைப் பாருங்கள். முகம் நாலைந்து கோடுதான், சில நேரம் அதுகூட இருக்காது. ஆனால் முதுகு வளைந்திருக்கும் விதத்தைப் பார்த்ததும் அவன் களைத்திருக்கிறானா, பயந்திருக்கிறானா, அதிகாரம் செய்கிறானா என்று தெரிந்துவிடும்.

அடுத்தது ஊர். ஜோகன்னஸ்பர்க் ஆற்றங்கரையில் எழுந்த நகரமல்ல, கடற்கரையிலும் எழவில்லை. 1886இல் அங்கே தங்கம் கண்டெடுக்கப்பட்டது, அதற்காகவே நகரம் எழுந்தது. பூமிக்கடியிலிருந்து பாறையைத் தோண்டியெடுத்து, அரைத்து, தங்கத்தைப் பிரித்த பிறகு மிஞ்சிய மண்ணைக் குவித்ததில் நகரைச் சுற்றி மஞ்சள் குன்றுகள் உருவாகின. அங்கே பிறந்தவர்களுக்கு அவைதான் மலை. அப்புறம் தொழில்நுட்பம் வளர்ந்தது, அந்தக் குப்பை மண்ணில் ஒட்டியிருந்த கொஞ்சத் தங்கத்தையும் எடுக்க முடிந்தது. குன்றுகள் ஒவ்வொன்றாகக் கரைந்து மறைந்தன. மலையே அழித்து வரையப்படும் ஊர் அது. கரியும் ரப்பரும் பிடித்த ஒருவருக்கு இதைவிடப் பொருத்தமான நிலம் எங்கே கிடைக்கும்?

1989இல் முதல் கரி அனிமேஷன் படத்தை எடுத்தார். அதன் தலைப்பு, பாரிஸுக்கு அடுத்த உலகின் இரண்டாவது பெரிய நகரம் ஜோகன்னஸ்பர்க் என்று பெருமை பேசுவது. அதில் இரண்டு ஆண்கள் வருகிறார்கள். கோடுபோட்ட சூட்டைக் கழற்றாத சுரங்க முதலாளி சோஹோ எக்ஸ்டைன் ஒருவன். ஆடையில்லாமல், கனவிலும் ஏக்கத்திலும் அலையும் ஃபீலிக்ஸ் டைட்டில்பாம் மற்றவன். சோஹோவின் மனைவியை ஃபீலிக்ஸ் காதலிக்கிறான். பின்னணியில் பெயரில்லாத மக்கள் கூட்டம் வெற்று நிலத்தில் நடந்துகொண்டே இருக்கிறது. இந்தத் தொடர் 2020இல் வந்த 'சிட்டி டீப்' வரை பதினொரு படங்களாக வளர்ந்தது. எல்லாமே சில நிமிடப் படங்கள். வசனம் கிடையாது, இசையும் ஒலியும் எழுத்துப் பலகைகளும்தான்.

புதிதாகப் பார்ப்பவர்கள் 1991இல் வந்த 'மைன்' படத்திலிருந்து தொடங்கலாம். ஆறு நிமிடம்கூட இல்லை. அந்த ஆங்கிலச் சொல்லுக்குச் சுரங்கம் என்றும் பொருள், என்னுடையது என்றும் பொருள். இரண்டும் இந்தப் படத்தில் ஒன்றாகிவிடுகின்றன.

சோஹோ படுக்கையில் காலை உணவோடு இருக்கிறான். முன்னால் காபிக் குடுவை. நம் வீட்டு ஃபில்டர் போன்றதல்ல, மேலேயிருந்து தண்டை அழுத்தி வண்டலைக் கீழே தள்ளும் கண்ணாடிக் குடுவை. அவன் தண்டை அழுத்துகிறான். அது குடுவையின் அடியோடு நிற்கவில்லை. தட்டைத் துளைத்து, மெத்தையைத் துளைத்து, மண்ணுக்குள் இறங்கிச் சுரங்கத்தின் லிஃப்ட் பாதையாகவே ஆகிவிடுகிறது. கீழே அடுக்கடுக்கான பலகைகளில் நெருக்கிப் படுத்திருக்கும் தொழிலாளர்கள். பாறையைத் துளைக்கிறவர்கள், குளிக்க நிற்கிறவர்கள். மேலே படுக்கை மேசையாகிவிடுகிறது. கீழிருந்து வருவதெல்லாம் சோஹோவின் மேசையில் குவிகிறது. கடைசியில் விரல் உயரக் காண்டாமிருகம் ஒன்று ஏறி வந்து அவன்முன் நிற்கிறது. அவன் அதைச் செல்லப்பிராணிபோலக் கொஞ்சுகிறான்.

அந்தக் காபிக் குடுவை எழுதி வைத்த திட்டத்தில் வந்ததல்ல. கென்ட்ரிட்ஜ் கதை எழுதிக்கொண்டோ காட்சிகளை முன்கூட்டி வரைந்துகொண்டோ தொடங்குவதில்லை. சோஹோவின் படுக்கையிலிருந்து சுரங்கத்துக்கு எப்படி இறங்குவது என்று தெரியாமல் இருந்தபோது ஸ்டுடியோவில் கைக்கெட்டும் தூரத்தில் அந்தக் குடுவை இருந்தது. அதை வரைந்தார், தண்டை அழுத்த வேண்டிய தருணம் வந்தது, வழியும் கிடைத்தது. பக்கத்தில் தேநீர்க் கெட்டில் இருந்திருந்தால் அந்தப் படமே வேறு. இதை அவர் 'ஃபார்ச்சூனா' என்கிறார். தற்செயலும் இல்லை, திட்டமும் இல்லை, இரண்டுக்கும் நடுவில் கை வேலை செய்துகொண்டிருக்கும்போது வந்து சேர்வது. கேமராவுக்கும் காகிதத்துக்கும் நடக்கும் அந்த நடை இங்கே உதவுகிறது. அடுத்து என்ன என்பது பெரும்பாலும் அந்த நடையில்தான் தோன்றும் என்பார். உட்கார்ந்து யோசிப்பதைவிட நடந்து யோசிப்பதில் அவருக்கு நம்பிக்கை அதிகம்.

அவருடைய படங்களில் எனக்கு மிக நெருக்கமானது 'ஃபீலிக்ஸ் இன் எக்ஸைல்'. தென்னாப்பிரிக்கா எல்லா இனத்தவரும் வாக்களிக்கும் முதல் பொதுத்தேர்தலை 1994 ஏப்ரலில் சந்தித்தது. அதற்குச் சற்று முந்தைய மாதங்களில், நாட்டில் தினம் தினம் கொலைகள் நடந்துகொண்டிருந்தபோது, இந்தப் படம் உருவானது. ஃபீலிக்ஸ் தொலைதூர ஊர் ஒன்றில் விடுதி அறையில் தனியாக இருக்கிறான். அவன் பெட்டியிலிருந்து ஓவியத்தாள்கள் பறந்து சுவரெங்கும் ஒட்டிக்கொள்கின்றன. அவற்றை வரைந்தவள் நந்தி என்ற கறுப்பினப் பெண், நில அளவையாளர். தியோடலைட் வழியாக நிலத்தைப் பார்த்து, அங்கே விழுந்து கிடக்கும் உடல்களைக் குறித்துக்கொள்கிறாள். உடல்கள்மேல் செய்தித்தாள்கள் வந்து மூடுகின்றன. பிறகு உடல்களே மண்ணோடு கரைகின்றன, ஒரு மேடு, ஒரு புல் வரி, அவ்வளவுதான் மிஞ்சுகிறது. சவரக் கண்ணாடியில் ஃபீலிக்ஸ் தன் முகத்துக்குப் பதில் நந்தியைப் பார்க்கிறான். கடைசியில் அவளும் சுடப்பட்டு நிலமாகிறாள். ஃபீலிக்ஸ் அந்த நிலத்தின் நீர்க்குட்டையில் ஆடையின்றி, முதுகைக் காட்டி நிற்கிறான்.

நிலம் தன்மேல் நடந்ததை மறைத்துவிடும் என்பது கென்ட்ரிட்ஜை விடாமல் துரத்தும் எண்ணம். படுகொலை நடந்த இடத்துக்குப் பத்து வருடம் கழித்துப் போனால் அங்கே புல்தான் இருக்கும். யாராவது குறித்து வைத்தால்தான் உண்டு. நந்தி அதைத்தான் செய்கிறாள். கரியின் சாம்பல் நிழலும் அதைத்தான் செய்கிறது. படம் சொல்வதும் படம் எடுக்கப்பட்ட முறையும் ஒன்றே ஆகிவிடும் இடம் இது. தென்னாப்பிரிக்க வரலாறு ஒன்றும் தெரியாமல் பார்க்கிறவருக்கும் இந்தப் படம் நெஞ்சில் இறங்குவது இதனால்தான் என்று நினைக்கிறேன்.

இங்கே ஒரு கேள்வி எழும், எழத்தான் வேண்டும். வசதியான வெள்ளையர் குடும்பத்தில் பிறந்தவர் கறுப்பின மக்களின் சாவை வரைவது சரியா? கென்ட்ரிட்ஜ் இந்தக் கேள்வியைப் படத்துக்கு வெளியே நிறுத்தவில்லை என்பதுதான் நான் அவரை மதிக்க முதல் காரணம். தொடக்கத்தில் சோஹோ அவருக்கு வேறு யாரோ. பழைய அரசியல் சுவரொட்டிகளின் கொழுத்த முதலாளி. வரைந்து வரைந்து பார்த்ததில் சோஹோவின் சாயல், கடற்கரையிலும் கோடுபோட்ட சூட்டோடு உட்கார்ந்திருந்த தன் சொந்தத் தாத்தாவின் புகைப்படத்தில் இருப்பது அவருக்குத் தெரிந்தது. ஃபீலிக்ஸின் முகமோ முதலிலிருந்தே அவருடையது. போகப்போக இருவர் முகமும் ஒன்றை ஒன்று நெருங்கின.

1996இல், நிறவெறி ஆட்சிக் காலத்துக் கொடுமைகளை விசாரிக்க அமைத்த உண்மை, நல்லிணக்க ஆணையம் விசாரணையைத் தொடங்கியது. அதே ஆண்டு வந்த படத்தில் சோஹோ மருத்துவமனையில் நினைவிழந்து கிடக்கிறான். அவனைச் சோதிக்கும் மருத்துவர்கள் எல்லாருக்கும் அவனுடைய சூட், அவனுடைய உருவம். அவன் உடலுக்குள் தேடினால் தட்டச்சுப்பொறியும் தொலைபேசியும் வருகின்றன. அப்புறம் இரவுச் சாலை, கார், பின்பார்வைக் கண்ணாடியில் தெரியும் அவன் கண்கள். சாலையோரம் ஒருவனை அடித்து உதைக்கிறார்கள். வண்டியின் முன் யாரோ ஓடிவந்து மோதுகிறார்கள். தானும் இதில் இருந்தோம் என்று உணர்ந்ததும் சோஹோ கண் திறக்கிறான். திறந்த மறுகணம் பழையபடி மேசையில், தொலைபேசியோடு. உணர்ந்ததால் மாறிவிட்டான் என்று படம் நமக்கு ஆறுதல் சொல்வதில்லை. அடுத்தவர் வலியைச் சொந்தம் கொண்டாடாமல், தன் பக்கத்தின் பங்கை வரைவது என்பது இதுதான்.

சரி, மேடைக்கு வருவோம். 1992இலிருந்து ஹேண்ட்ஸ்பிரிங் பொம்மலாட்டக் குழுவோடு அவர் நாடகங்கள் செய்தார். பேஸில் ஜோன்ஸ், ஏட்ரியன் கோலர் இருவரும் நடத்திய குழு அது. மரத்தில் செதுக்கிய பொம்மைகள், அவற்றை இயக்குகிறவர்களும் மேடையில் தெரிவார்கள், பின்திரையில் கென்ட்ரிட்ஜின் கரிப்படம் ஓடும். இவற்றில் முக்கியமானது 1997இன் 'உபுவும் உண்மை ஆணையமும்'. பிரதியை எழுதியவர் ஜேன் டெய்லர்.

பின்னணி இதுதான். டெஸ்மண்ட் டுட்டு தலைமையிலான ஆணையத்தின் முன் பாதிக்கப்பட்டவர்கள் வந்து தங்களுக்கு நடந்ததைச் சொன்னார்கள். குற்றம் செய்தவர்கள் முழு உண்மையையும் சொன்னால் பொதுமன்னிப்புக் கோரலாம். மகனை இழந்த ஒரு தாயின் வார்த்தைகளை நடிகை ஒருத்தி மேடையில் அழுது நடித்தால் என்ன ஆகும்? நாம் நடிப்பைப் பாராட்டத் தொடங்கிவிடுவோம். தாய் காணாமல் போய்விடுவாள். அதனால் சாட்சிகளைப் பொம்மைகளாக வைத்தார்கள். மரப்பொம்மை தன்னை அந்தத் தாய் என்று நம்மை நம்பவைக்கப் பார்ப்பதில்லை. அவள் சொல் நம்மிடம் வந்து சேர ஓர் இடமாக மட்டும் இருக்கிறது. பக்கத்தில் நின்று இயக்குகிறவர்கள் பொம்மையைக் கவனமாகப் பார்த்துக்கொண்டே இருப்பார்கள். அவர்கள் அவ்வளவு கவனமாகக் கேட்பதைப் பார்த்து நாமும் கேட்கத் தொடங்குகிறோம். சித்திரவதை செய்த உபுவாகவும் அவன் மனைவியாகவும் நடிப்பவர்களோ ரத்தமும் சதையுமான நடிகர்கள். சாட்சியின் சொல்லை மொழிபெயர்ப்பவர் நிற்கும் கண்ணாடிக் கூண்டே இன்னொரு காட்சியில் உபு உடம்பைக் கழுவிக்கொள்ளும் குளியலறை ஆகிறது. மேடையிலும் ஒன்றின்மேல் ஒன்றை வரைகிற அதே பழக்கம்.

ஓபராக்களை நான் வேகமாகக் கடந்துவிடுகிறேன். 2005இல் பிரஸ்ஸல்ஸில் மொஸார்ட்டின் 'மேஜிக் ஃப்ளூட்', 2010இல் நியூயார்க்கின் மெட்ரோபாலிடன் ஓபராவில் ஷோஸ்டகோவிச்சின் 'தி நோஸ்' என்று பெரிய மேடைகளில் இயக்கினார். பிரம்மாண்டமானவைதான், ஆனால் திரையில் பார்த்தால் பாதிகூட வந்து சேராது, புதியவருக்கு அங்கே தொடங்குவது கடினம். அதைவிட அவர் தன் ஸ்டுடியோவில் தானே நடித்து எடுத்த சின்னப் படங்களைப் பார்க்கலாம். தரையில் காகிதங்களை வீசி எறிகிறார், படத்தைப் பின்னோக்கி ஓட்டுகிறார். காகிதங்கள் தாமாகப் பறந்து அவர் கைக்கு வருகின்றன. கிழித்த ஓவியம் ஒட்டிக்கொள்கிறது. ஆதி சினிமாவின் மந்திரவாதி ஜார்ஜ் மெலியஸுக்கு 2003இல் அவர் செலுத்திய மரியாதை அது. கொரோனா முடக்கத்தில் ஸ்டுடியோவில் எடுக்கத் தொடங்கி 2024இல் வெளிவந்த ஒன்பது பகுதித் தொடரிலும் இதையே செய்கிறார். இரண்டு கென்ட்ரிட்ஜ்கள் ஒரே மேசையில் உட்கார்ந்து ஞாபகத்தைப் பற்றியும் விதியைப் பற்றியும் வாக்குவாதம் செய்கிறார்கள். நடிப்பு வராது என்று பாரிஸில் முடிவுகட்டிய மனிதர் இவர்தான்.

நான் அவர் படைப்பை முதன்முதலில் நேரில் பார்த்தது கொச்சியில். 2018 டிசம்பரில் தொடங்கிய கொச்சி-முசிறிஸ் பினாலே கலைக் கண்காட்சியில் 'மோர் ஸ்வீட்லி பிளே தி டான்ஸ்' இருந்தது. 2015இல் ஆம்ஸ்டர்டாமுக்காகச் செய்தது. இருட்டான கூடத்தில் வரிசையாக எட்டுத் திரைகள். திரையில் கரியால் வரைந்த வெற்று நிலம், அதன் குறுக்கே ஓர் ஊர்வலம். பித்தளை வாத்தியக்காரர்கள், தலையில் மூட்டை சுமப்பவர்கள், சலைன் பாட்டிலைத் தள்ளிக்கொண்டு நடக்கும் நோயாளிகள், ஆடும் எலும்புக்கூடுகள், அட்டையில் வெட்டிய தலைகளைத் தூக்கிப் போகிறவர்கள். ஒரு திரையில் நுழைந்தவர்கள் அடுத்த திரைக்கு நடந்து போவார்கள், நாமும் திரும்பித் திரும்பிப் பார்ப்போம். கடைசியில் நடனக் கலைஞர் டாடா மசிலோ துப்பாக்கியோடு நுனிக்காலில் ஆடிக்கொண்டு வருவார். சுமார் கால் மணி நேரம். முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து. நான் எழுந்திருக்கவில்லை. சவ ஊர்வலமா, திருவிழாவா, ஊரைவிட்டு ஓடுகிறவர்களா என்று கடைசிவரை முடிவுசெய்ய முடியவில்லை. மூன்றும்தான் என்று இப்போது தோன்றுகிறது. மசிலோ 2024 டிசம்பரில், முப்பத்தொன்பது வயதில் இறந்துபோனார். அந்தச் சுழலும் படத்தில் அவர் ஆடுவது மட்டும் இன்றும் நிற்கவில்லை.

ஊர்வலம் கென்ட்ரிட்ஜிடம் திரும்பத் திரும்ப வரும். 2012இல் ஹார்வர்டில் அவர் ஆற்றிய ஆறு சொற்பொழிவுகளில் முதலாவது பிளேட்டோவின் குகையிலிருந்து தொடங்குகிறது. குகையில் கட்டிப்போடப்பட்டவர்கள், பின்னால் பொருள்களைத் தூக்கிக்கொண்டு வரிசையாக நடப்பவர்களால் சுவரில் நகரும் நிழல்களையே உண்மை என்று நம்புகிறார்கள், வெளிச்சத்துக்கு வந்தால்தான் அறிவு என்பது பிளேட்டோ. கென்ட்ரிட்ஜ் நிழலின் பக்கம் நிற்கிறார். வெளிச்சத்துக்கு வலுக்கட்டாயமாக இழுத்துப் போகிறேன் என்று சொன்னவர்கள் காலனி நாடுகளில் என்ன செய்தார்கள் என்பது அவருக்குத் தெரியும். ஒரு காகிதத் துண்டின் நிழலைக் குதிரை என்று நாமே கண்டுகொள்ளும்போது, பார்ப்பது என்பதே நாம் செய்யும் வேலை என்று புரிகிறது. அது குறைந்த அறிவல்ல என்கிறார்.

2018இல் லண்டன் டேட் மாடர்ன் கலைக்கூடத்தில் அரங்கேறிய 'தி ஹெட் அண்ட் தி லோட்' இதையெல்லாம் ஒரே நீள மேடையில் கொண்டுவந்தது. முதல் உலகப்போரில் பத்து லட்சத்துக்கும் மேலான ஆப்பிரிக்கர்கள் ஐரோப்பியப் படைகளுக்குச் சுமைதூக்கிகளாக இருந்தார்கள், பலர் பெயர்கூடப் பதிவாகாமல் செத்தார்கள். தலையும் சுமையும் கழுத்துக்குத்தான் கஷ்டம் என்ற கானா நாட்டுப் பழமொழியிலிருந்து தலைப்பு. பாடகர்களும் நடனக்காரர்களும் சுமையோடு நடக்க, பின்சுவரில் அவர்களுடைய நிழல்கள் ஆளைவிடப் பெரிதாக நகர்ந்தன. இசை பிலிப் மில்லரும் துதுகா சிபிசியும்.

இன்னொரு பழமொழி, இது ட்ஸ்வானா மொழியில் உள்ளது: நல்ல வைத்தியனால் குணமாக்க முடியாவிட்டால் அவ்வளவு நல்லதல்லாத வைத்தியனைத் தேடு. இதை வைத்து 2016இல் ஜோகன்னஸ்பர்கில் ஒரு கூடத்தைத் தொடங்கினார், பெயர் 'அவ்வளவு நல்லதல்லாத யோசனைக்கான மையம்'. முதலில் தோன்றும் சிறந்த யோசனை வேலை தொடங்கியதும் விரிசல் விடும். அந்த விரிசலை அடைக்கும்போது ஓரத்திலிருந்து வரும் இரண்டாவது யோசனையில்தான் உயிர் இருக்கும் என்பது அங்குள்ளவர்களின் நம்பிக்கை. இளைய நாடகக்காரர்கள், இசைக்காரர்கள், நடனக்காரர்கள் அங்கே கூடித் தவறு செய்து பார்க்கிறார்கள். காபிக் குடுவை கற்றுக்கொடுத்த பாடம் ஒரு கட்டடமாகவே ஆகியிருக்கிறது.

அதே 2016இல், ரோம் நகரத்தின் பிறந்தநாளாகக் கொண்டாடப்படும் ஏப்ரல் 21 அன்று, டைபர் ஆற்றங்கரையில் அவருடைய மிகப் பெரிய ஓவியம் திறக்கப்பட்டது. கரைச்சுவரில் சுமார் அரை கிலோமீட்டர் நீளத்துக்கு எண்பதுக்கும் மேற்பட்ட உருவங்கள், அவற்றில் சிலவற்றின் உயரம் பத்து மீட்டர். ரோமை நிறுவியவர்களைப் பாலூட்டி வளர்த்ததாகச் சொல்லும் ஓநாய், குதிரையேறிய ரோமப் பேரரசர் மார்க்கஸ் ஆரேலியஸ், கொலையுண்டு கிடக்கும் திரைப்பட இயக்குநர் பசோலினி, படகில் வந்த அகதிகள். வெற்றியும் புலம்பலும் ஒரே வரிசையில் நடக்கின்றன. திறப்பு இரவில் இரண்டு இசைக்குழுக்கள் ஆற்றோரம் ஊர்வலமாக வர, அவர்களுடைய நிழல்கள் சுவரில் இருந்த உருவங்களோடு கலந்து நடந்தன.

இந்த ஓவியத்துக்கு வண்ணம் பயன்படுத்தவில்லை, கரியும் இல்லை. பல ஆண்டுகளாக அந்த வெள்ளைக் கல்சுவரில் பாசியும் வாகனப் புகையும் அப்பிக் கறுத்திருந்தது. உருவங்களின் வடிவத்தில் வெட்டிய பெரிய தகடுகளைச் சுவரில் சாய்த்து, சுற்றியுள்ள அழுக்கை மட்டும் தண்ணீர் பீய்ச்சிக் கழுவினார்கள். தகடுகளை எடுத்ததும், கழுவப்படாத அழுக்கே உருவமாக நின்றது. வாழ்நாளெல்லாம் வரைந்து அழித்தவர் இங்கே அழித்தே வரைந்தார். கழுவிய கல்லின்மேல் பாசியும் புகையும் அன்றிலிருந்து மறுபடி படிந்துகொண்டிருக்கின்றன. உருவங்களுக்கும் பின்னணிக்கும் உள்ள வேறுபாடு ஆண்டுக்கு ஆண்டு மங்குகிறது. அப்படித்தான் ஆகும் என்று தெரிந்தேதான் அவர் அந்தச் சுவரைத் தேர்ந்தெடுத்தார்.